குசினியில் எழுதப்பட்ட ஒரு தேசத்தின் வரலாறு

நாற்பது ஆண்டுகளைப் பத்திரிகைத் தொழிலில் கழித்தவன் நான். அந்த நாற்பது ஆண்டுகளிலும் பிறர் சொன்னவற்றைக் குறிப்பேட்டில் எழுதிக்கொள்வதே என் வேலையாக இருந்தது. அமைச்சர்கள் சொன்னதை எழுதினேன். நீதிமன்றத்தில் சட்டத்தரணிகள் வாதிட்டதை எழுதினேன். வெள்ளத்தில் வயலை இழந்த கமக்காரர் கண்ணீருடன் சொன்னதையும் எழுதினேன். ஆனால் ஒருவர் சொன்னதை மட்டும் ஒருநாளும் எழுதி வைக்கவில்லை. 2019 ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம், இத்தாலியின் வடபகுதியிலுள்ள ஒரு சிற்றூரில், முன்பின் அறியாத ஒரு மூதாட்டியின் குசினியில் நின்றபோதுதான் அந்தத் தவறு எனக்கு உறைத்தது. அதைச் சொல்லவே இக்கட்டுரையை எழுதுகிறேன். எனினும் அதற்கு முன்னர் அந்த ஊரின் கதையையும், அவ்வூரில் பிறந்த ஒரு மனிதரின் கதையையும் வாசகர்களுக்குச் சொல்லியாக வேண்டும்.

என் தங்கையின் குடும்பம் சுவிற்சர்லாந்தில், இத்தாலிய மொழி பேசப்படும் லுகானோ நகரில் வாழ்கிறது. அங்கேயே பிறந்து வளர்ந்த என் மருமகளுக்குத் தமிழும் இத்தாலிய மொழியும் ஒன்றுபோல் வரும். அவ்வாண்டு நான் அங்கு சென்றிருந்தபோது அவளே என்னை இத்தாலிக்கு அழைத்துச் சென்றாள். மிலானிலும் பொலோஞ்ஞாவிலும் நான் கோயில்களையும் நூதனசாலைகளையும் பார்த்துக் களைத்திருந்த ஒரு மாலையில், "கோயிலும் கோபுரமும் பாத்தது காணும் மாமா. நாளைக்கு ஒரு வீட்டுக்குள்ள போய்ப் பாப்பம்" என்றாள். பயணிகளைத் தம் வீட்டுக்கு அழைத்து, அரைநாள் சமையல் கற்பித்து, சமைத்ததை ஒன்றாக இருந்து உண்ணும் வழக்கம் அந்நாட்டில் பரவலாக உண்டு. அத்தகைய ஒரு வகுப்புக்கு எனக்குச் சொல்லாமலே அவள் பணம் கட்டியிருந்தாள்.

மறுநாள் காலை பொலோஞ்ஞாவிலிருந்து ரிமினி நோக்கிச் செல்லும் புகையிரதத்தில் ஏறி, ஃபோர்லிம்போபொலி என்ற சிறிய நிலையத்தில் இறங்கினோம். புகையிரதப் பாதையை ஒட்டியே ஓடுகிறது எமிலியா நெடுஞ்சாலை. கி.மு. 187 இல் உரோமர் அமைத்த சாலை அது. ஊரின் நடுவில் ஒரு பழைய கோட்டை. அதனருகே ஒரு தெருவில் அந்த அம்மையாரின் வீடு. அவருக்கு வயது எழுபதுக்கு மேல். ஆங்கிலம் தெரியாது. எனக்கு இத்தாலிய மொழி தெரியாது. மருமகளே இடையில் நின்று மொழிபெயர்த்தாள்.

ஆனாலும் மொழிபெயர்ப்பு இல்லாமலே முதற் சொல் எனக்கு விளங்கிவிட்டது. வாசலில் எங்களை வரவேற்ற அம்மையார் உள்ளே கைகாட்டி, "குச்சீனா" என்றார். எங்கள் வீடுகளில் அடுக்களையை நாம் 'குசினி' என்கிறோமே, அதே சொல். போர்த்துக்கேயரிடமிருந்து எமக்கு வந்தது அது. அவர்களுடைய சொல்லுக்கும் இத்தாலியருடைய சொல்லுக்கும் இலத்தீனே தாய். உள்ளே சென்றதும் மேசையில் இருந்த 'பானே'யைக் காட்டினார். அது நமது பாண். சுவரோரம் நின்ற 'அர்மாதியோ' நமது அலுமாரிக்கு உறவு. 1619 இல் யாழ்ப்பாண இராச்சியத்தைப் போர்த்துக்கேயர் கைப்பற்றினர் என்று பாடசாலையில் மனனம் செய்தவர்கள் நாம். அந்த ஆட்சி நாற்பது ஆண்டுகளும் நிலைக்கவில்லை. அவர்கள் விட்டுச் சென்ற சொற்களோ இன்றும் எங்கள் குசினிக்குள் குடியிருக்கின்றன. அரசுகள் போனாலும் அடுப்படி மறப்பதில்லை.

போதுமான அளவு

பெரிய மரப்பலகை ஒன்றின்மேல் அம்மையார் கோதுமை மாவைக் குவித்தார். நடுவில் குழி செய்து முட்டைகளை உடைத்து ஊற்றினார். நூறு கிராம் மாவுக்கு ஒரு முட்டை என்பது அந்நாட்டார் கணக்கு. தண்ணீர் சேர்ப்பதில்லை. முள்ளுக்கரண்டியால் மெல்லக் கலக்கி, பின்னர் உள்ளங்கையின் அடிப்பகுதியால் அழுத்தி அழுத்திப் பிசைந்தார். பிசைந்த மாவை ஒரு கோப்பையால் மூடி அரைமணி நேரம் ஓய வைத்தார். அதன் பிறகு, ஏறத்தாழ ஒரு மீற்றர் நீளமான மர உருளையால் அதைத் தேய்க்கத் தொடங்கினார். எமது ரொட்டியைப் போல நிறுத்துவதில்லை. மேசையை மூடும் துணியளவுக்கு அது விரிந்தது. 'ஸ்ஃபோல்யா' என்று இதற்குப் பெயர். இந்த மாவிரிப்பின் ஊடாகப் பார்த்தால் தமது மலைமேலுள்ள சான் லூக்கா தேவாலயம் தெரியவேண்டும் என்று பொலோஞ்ஞா மக்கள் சொல்வார்களாம். அதைச் சுருட்டி, கத்தியால் நாடாக்களாக நறுக்கி உதறினால் 'தல்யத்தெல்லே' ஆயிற்று.

அடுப்பில் அதற்கான இறைச்சிக் குழம்பு மணிக்கணக்காகக் கொதித்துக்கொண்டிருந்தது. அதன் பெயர் 'ராகு'. நான் சிரித்தபோது அம்மையார் காரணம் கேட்டார். எங்கள் நாட்டில் ராகு ஒரு கிரகம் என்றும், அவருடைய காலத்தில் நல்ல காரியம் எதையும் தொடங்கமாட்டோம் என்றும் மருமகள் விளக்கினாள். "இங்கே ராகு இல்லாமல் ஞாயிற்றுக்கிழமையே தொடங்காது" என்றார் அவர்.

மருமகள் கையில் குறிப்பேடு இருந்தது. இறைச்சி எவ்வளவு, கரட் எவ்வளவு, உப்பு எவ்வளவு என்று அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். உப்பு, மிளகு, எண்ணெய், நேரம் ஆகிய எல்லாவற்றுக்கும் அம்மையார் சொன்ன பதில் ஒன்றுதான்: "குவாந்தோ பாஸ்தா." போதுமான அளவு என்று பொருள். இத்தாலியச் சமையல் நூல்களில் இதைச் சுருக்கி இரண்டு எழுத்துகளில் அச்சிடுகிறார்கள். 'போதும்' என்ற சொல்லும் அந்த மா உணவின் பெயரும் அவர்கள் மொழியில் வேறு வேறு ஒலிகள். தமிழில் எழுதும்போது இரண்டும் 'பாஸ்தா' என்றே ஆகிவிடுகின்றன. என் தாயார் இதையே 'கண்திட்டம்' என்பார்.

மருமகள் விடுவதாக இல்லை. அவளுடைய பிடிவாதத்தைக் கண்ட அம்மையார், கையைத் துடைத்துக்கொண்டு சென்று அலுமாரியிலிருந்து ஒரு தடித்த நூலை எடுத்து வந்தார். அட்டை கிழிந்து, பக்கங்கள் மஞ்சளேறி, ஓரங்களில் எண்ணெய்க் கறையுடன் இருந்தது. விளிம்புகளில் பென்சிலால் எழுதிய குறிப்புகள். "இது என் தாயாருடையது. அளவு வேண்டுமானால் இவரிடம்தான் கேட்க வேண்டும். இவர் எங்கள் ஊர்க்காரர்" என்றார். அந்த 'இவர்' பெல்லெக்ரீனோ அர்த்தூசி.

ஊரை விட்டுப் போன மனிதர்

அர்த்தூசி 1820 ஆம் ஆண்டு ஃபோர்லிம்போபொலியில் ஒரு வணிகரின் மகனாகப் பிறந்தார். இத்தாலி என்றொரு நாடு அப்போது இல்லை. இந்த ரொமாஞ்ஞாப் பிரதேசம் பாப்பரசரின் ஆட்சியில் இருந்தது. கொள்ளைக் கூட்டங்கள் ஊர்களை நடுங்க வைத்த காலம். அவற்றுள் பெயர் பெற்றது 'பாசத்தோரே' என்று அழைக்கப்பட்ட ஸ்தெஃபனோ பெல்லோனியின் கூட்டம்.

1851 சனவரி 25 ஆம் திகதி இரவு. கோட்டைக்குள் இருந்த நாடக அரங்கில் ஊரின் வசதி படைத்தோர் கூடியிருந்தனர். இடைவேளை முடிந்து திரை உயர்ந்தபோது மேடையில் நடிகர்களுக்குப் பதிலாகத் துப்பாக்கிகளை நீட்டியபடி கொள்ளையர் நின்றனர். செல்வர்களைப் பணயமாகப் பிடித்து வீடு வீடாகச் சென்று சூறையாடினர். அர்த்தூசியின் வீடும் தப்பவில்லை. அவருடைய சகோதரியர் தாக்கப்பட்டனர். ஒரு சகோதரி அந்த அதிர்ச்சியிலிருந்து மீளாமல் மனநோயாளர் இல்லத்தில் காலத்தைக் கழிக்க நேர்ந்தது. இரண்டே மாதங்களில் பெல்லோனி பாப்பரசரின் படையினரால் கொல்லப்பட்டான். ஆனால் அந்தக் குடும்பத்துக்கு ஊர் வெறுத்துவிட்டது. அதே ஆண்டில் அவர்கள் எல்லாவற்றையும் விட்டுப் புளோரன்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்தனர்.

அங்கே அர்த்தூசி வணிகம் செய்து பொருளீட்டினார். திருமணம் செய்துகொள்ளவில்லை. தொழிலிலிருந்து ஓய்வு பெற்றபின் இலக்கியத்தில் இறங்கினார். கவிஞர் ஃபொஸ்கோலோவின் வாழ்க்கை வரலாற்றை 1878 இல் வெளியிட்டார். கவிஞர் ஜுஸ்தியின் கடிதங்கள் பற்றி 1880 இல் ஒரு நூல் வெளியிட்டார். இரண்டையும் எவரும் பொருட்படுத்தவில்லை. மூன்றாவதாக அவர் எழுதியது சமையல் நூல். 'குசினியில் விஞ்ஞானமும் நன்றாக உண்ணும் கலையும்' என்று அதற்குப் பெயரிட்டார். பதிப்பாளர்கள் கைவிரித்தனர். 1891 இல், தமது எழுபத்தோராவது வயதில், சொந்தச் செலவில் ஆயிரம் பிரதிகள் அச்சிட்டார். முதற் பதிப்பில் 475 செய்முறைகள் இருந்தன. அதை யாருக்குச் சமர்ப்பித்தார் தெரியுமா? தாம் வளர்த்த இரண்டு பூனைகளுக்கு.

பிறந்த ஊரில் நடந்த தரும நிதி விற்பனை ஒன்றுக்கு அவர் இரண்டு பிரதிகளை அனுப்பினார். பரிசாக அவற்றைப் பெற்றவர்கள் நேரே புகையிலைக் கடைக்காரரிடம் விற்றுவிட்டார்கள். இதை அவரே பிற்காலப் பதிப்பின் முன்னுரையில் எழுதியிருக்கிறார். நூல் எழுதி வெளியிட்டுப் பிரதிகளைக் கட்டுக்கட்டாக வீட்டுத் தாழ்வாரத்தில் அடுக்கி வைத்திருக்கும் எம்மவர் எவரும் இதை வாசித்தால் அவரைக் கட்டியணைத்துக்கொள்வார்கள்.

கடிதங்களால் வளர்ந்த நூல்

மெல்ல மெல்ல நூல் விற்கத் தொடங்கியது. கூடவே கடிதங்கள் வரத் தொடங்கின. எழுதியவர்களில் பெரும்பாலோர் பெண்கள். 'நீங்கள் சொன்ன அளவில் மா இறுகிவிட்டது' என்று சிலர் திருத்தினர். 'எங்கள் ஊரில் இப்படிச் செய்வோம்' என்று சிலர் புதியனவற்றை அனுப்பினர். வருவன எல்லாவற்றையும் அர்த்தூசி தம் வீட்டில் சமைக்கச் செய்து பார்த்தார். அடுப்பில் நின்றவர்கள் இருவர்: தொஸ்கானா மாநிலத்தைச் சேர்ந்த மரியேத்தா சபத்தீனி என்ற பெண்மணியும், ஃபோர்லிம்போபொலியைச் சேர்ந்த ஃபிரான்செஸ்கோ ருஃபில்லியும். தேறியவை அடுத்த பதிப்பில் சேர்ந்தன. அவர் 1911 இல் இறப்பதற்குள் பதினான்கு பதிப்புகள் வந்துவிட்டன. செய்முறைகள் 790 ஆகப் பெருகின.

இந்நூலின் வரலாற்று முக்கியத்துவத்தை உணர அக்கால இத்தாலியை நினைவில் கொள்ள வேண்டும். 1861 இல் நாடு ஒன்றாக்கப்பட்டது. 1870 இல் உரோமாபுரி இணைந்தது. ஆனால் மக்களுக்குப் பொது மொழி இல்லை. 1861 இல் இத்தாலிய மொழியைப் பேசக்கூடியவர்கள் நூற்றுக்கு மூவரிலும் குறைவு என்பது மொழியியலாளர் துல்லியோ தெ மௌரோவின் கணிப்பு. தாராளமாகக் கணித்தவர்களும் பத்தில் ஒருவர் என்ற அளவைத் தாண்டவில்லை. ஊருக்கு ஊர் நிறுத்தல் அளவைகள் வேறு. கிலோகிராம் முறை அரசு ஆணையாக வந்ததும் 1861 இலேதான். ஒரே உணவுக்கு ஐந்து ஊர்களில் ஐந்து பெயர்கள். செல்வர் வீட்டுச் சமையற்காரர்களோ பாதி பிரெஞ்சு மொழியில் பேசினார்கள். இந்நிலையில், எவருக்கும் விளங்கும் எளிய இத்தாலிய மொழியில், கிராம் கணக்கில், தெற்கே நேப்பிள்ஸ் உணவையும் வடக்கே மிலான் உணவையும் ஒரே அட்டைக்குள் கொண்டுவந்தார் அர்த்தூசி. மன்சோனியின் புகழ்பெற்ற நாவல் செய்ததைவிட இந்தச் சமையல் நூலே தேச ஒருமைப்பாட்டுக்கு அதிகம் செய்தது என்று 1970 இல் இந்நூலைப் பதிப்பித்த அறிஞர் பியேரோ கம்போரேசி கருத்துரைத்தார்.

இது செய்முறைகளின் பட்டியல் மட்டுமன்று. ஒரு பத்திரிகையாளன் கண்ணுக்கு இது நல்லதொரு செய்தித் தொகுப்பு. மரக்கறிச் சூப் பற்றிய பகுதியில், 1855 இல் லிவோர்னோ நகரில் தாம் தங்கியிருந்ததை எழுதுகிறார். இரவுணவில் சூப் அருந்தியபின் வயிறு கலங்கியது; பழியைச் சூப்பின்மேல் போட்டார். தாம் தங்கிய வீட்டின் உரிமையாளர் வாந்திபேதியால் இறந்தார் என்பது அடுத்தநாள் தெரிந்தது. ஒரு கொள்ளைநோயின் வரலாறு சூப் கோப்பைக்குள் பதிவாகியிருக்கிறது.

புத்தகத்துக்கு வெளியே நின்றவர்கள்

இவ்விடத்தில் அந்த அம்மையார் சொன்ன ஒன்றையும் மறைக்காமல் எழுத வேண்டும். "இந்தப் புத்தகத்தில் உள்ளதை என் பாட்டி சமைக்கவில்லை. திருநாளில்தான் முட்டையும் வெள்ளை மாவும். மற்ற நாளெல்லாம் சோளக்களி" என்றார்.

அது உண்மை. அர்த்தூசியின் வாசகர்கள் நடுத்தர வகுப்பினர். அவர் நூலை எழுதிய காலத்தில் வட இத்தாலியக் கமக்காரரின் உணவு 'பொலெந்தா' எனப்படும் சோளக்களி. அதை மட்டுமே உண்டதால் 'பெல்லக்ரா' என்ற குறைபாட்டு நோய் வந்தது. தோல் வெடித்து, வயிறு கெட்டு, இறுதியில் புத்தி பேதலிக்கும். 1881 இன் கணக்கெடுப்பு அத்தகைய நோயாளர் ஓர் இலட்சத்துக்கும் அதிகம் என்று காட்டியது. ஏழையின் மாவைப் புதிய அரசும் விட்டுவைக்கவில்லை. 1869 சனவரி முதல், ஆலையில் தானியம் அரைப்பதற்கே வரி விதித்தது. எமிலியா மாநிலமெங்கும் கலகம் வெடித்து, நாடு முழுவதிலும் இருநூறுக்கும் மேற்பட்டோர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அந்த வரி 1884 இல்தான் முற்றாக நீங்கியது. 1876 முதல் 1915 வரை ஏறத்தாழ ஒரு கோடி நாற்பது இலட்சம் இத்தாலியர் கப்பலேறியும் எல்லை கடந்தும் பிழைப்புத் தேடிப் போனார்கள். இன்று உலகம் 'இத்தாலியச் சமையல்' என்று கொண்டாடுவதில் பெரும்பகுதி, வயிறு நிறையாமல் நாட்டைவிட்டுப் போனவர்கள் கொண்டுசென்றது.

எங்களிடம் இருப்பது எல்லாம் ஆயிரமாண்டுப் பழமையானது என்று சொல்லிக்கொள்ளும் ஆசை எல்லா இனத்தாருக்கும் உண்டு, இத்தாலியரும் விலக்கல்லர். தல்யத்தெல்லே 1487 இல் ஓர் அரச மணமகளின் பொன்னிறக் கூந்தலைக் கண்டு ஒரு சமையற்காரர் படைத்தது என்பார்கள். உண்மையில் அது இருபதாம் நூற்றாண்டில் பொலோஞ்ஞாவின் நகைச்சுவைக் கலைஞர் ஒருவர் புனைந்த கதை. அந்நகரத்து வர்த்தக சபையில் சமைத்த தல்யத்தெல்லேயின் அகலம் 8 மில்லிமீற்றர் என்று பதிவு செய்யப்பட்டது 1972 இல்தான். நூடில்ஸைச் சீனாவிலிருந்து கொண்டுவந்தவர் மார்க்கோ போலோ என்பது மற்றொரு கதை. இலங்கையைப் பற்றியும் தமிழகக் கரையைப் பற்றியும் எழுதிய அதே போலோதான். அவர் நாடு திரும்பியது 1295 இல். சிசிலியில் இழை உணவு செய்து கப்பலில் அனுப்புவதை அராபிய அறிஞர் அல் இத்ரீசி 1154 இலேயே எழுதிவிட்டார். ஜெனோவாவில் 1279 இல் எழுதப்பட்ட ஒரு சொத்துப் பட்டியலில் ஒரு பெட்டி மக்கரோனி இடம்பெற்றிருக்கிறது. கட்டுக்கதைகளைக் கழித்துவிட்டால் எஞ்சுவது இத்தகைய பட்டியல்களும் கடிதங்களுமே. யாரோ ஒருவர் எழுதி வைத்ததால்தான் அவை எஞ்சின.

தல்யத்தெல்லே வேகும் நேரத்தில் அம்மையார் எங்களுக்குப் 'பியதீனா' சுட்டுக் காட்டினார். கோதுமை மா, பன்றிக்கொழுப்பு, உப்பு, தண்ணீர். தட்டையாகத் தட்டிச் சூடான கல்லில் இட்டுத் திருப்பினால் முடிந்தது. ரொமாஞ்ஞா ஏழைகளின் உணவு. அர்த்தூசியின் 790 செய்முறைகளில் இதற்கு இடமில்லை. "எங்கள் ஊர் ரொட்டி" என்றேன் நான். அவர் வியப்படையவில்லை. 1944 இன் குளிர்காலத்தில் போர் இந்த ஊர்களைக் கடந்து சென்றபோது, தலைப்பாகை கட்டிய இந்தியச் சிப்பாய்கள் இதே ரொட்டியைச் சுடுவதைத் தம் தாயார் கண்டாராம். மாலையில் அருகிலுள்ள ஃபோர்லி நகரத்து இந்திய இராணுவ மயானத்துக்குச் சென்றோம். ஐந்நூறுக்கு அண்மித்த கல்லறைகள். தகனம் செய்யப்பட்ட 700க்கும் மேற்பட்டோருக்கு ஒரு நினைவுச் சின்னம். இறந்தவர்களின் பெயர்களைப் பொறித்து வைத்திருக்கிறார்கள்.

பெயரில்லாத பெண்மணி

பெயர்களைப் பற்றிச் சொல்லும்போது அர்த்தூசியின் நூலில் வரும் ஒரு பெண்மணி நினைவுக்கு வருகிறார். பார்மா நகரத்தில் பிறந்து, திருமணமாகி மிலானுக்குப் போனவர். திருநாட்களில் தம் பிறந்த ஊரில் தவறாமல் செய்யும், இறைச்சிச் சாற்றில் மிதக்கும் 'அனொலீனி' என்ற உணவின் செய்முறையைக் கடிதமாக எழுதி அனுப்பினார். அர்த்தூசி அதைச் சமைத்துப் பார்த்துப் பாராட்டி நூலில் சேர்த்தார். தமக்கு அறிமுகமில்லாத ஒரு பார்மாப் பெண்மணி என்று மட்டுமே குறிப்பிட்டார், பெயரை எழுதவில்லை. ஊரைப் பிரிந்த ஒரு பெண், ஊரைப் பிரிந்த ஒரு கிழவருக்குத் தன் தாய்வீட்டுச் சுவையை எழுதி அனுப்பினாள் என்பதே இதன் சாரம். இத்தாலியின் தேசியச் சமையல் அரண்மனைகளில் உருவானதென்று நான் எண்ணியிருந்தேன். அது இத்தகைய பெண்களின் கடிதங்களில் உருவாகியிருக்கிறது.

அர்த்தூசி ஒன்றில் நியாயமாக நடந்தார். நூலின் உரிமையை மரியேத்தாவுக்கும் ஃபிரான்செஸ்கோவுக்கும் மரணசாசனத்தில் எழுதி வைத்தார். மரியேத்தாவின் பெயரில் ஒரு கேக் வகையும் நூலில் உண்டு. அவருக்கு வந்த கடிதங்கள் ஃபோர்லிம்போபொலி நூலகத்தில் பேணப்படுகின்றன. அங்கே 2007 இல் அவர் பெயரில் ஒரு சமையற் பண்பாட்டு நிலையமும் திறக்கப்பட்டது. அதில் கைச்சமையல் கற்பிக்கும் பெண்கள் தம்மை 'மரியேத்தாக்கள்' என்று அழைத்துக்கொள்கிறார்கள். அவருடைய நூலைப் புகையிலைக் கடைக்கு விற்ற ஊர், இன்று ஆண்டுதோறும் அவருக்கு விழா எடுக்கிறது.

உணவு முடிந்ததும் அம்மையார் அந்தப் பழைய நூலை மறுபடி விரித்து, விளிம்பிலுள்ள தம் தாயாரின் கையெழுத்தை என் மருமகளுக்கு வாசித்துக் காட்டினார். 'முட்டை சிறிதென்றால் ஒன்று கூட்டு' என்பது போன்ற சிறிய குறிப்புகள்தாம். கேட்டுக்கொண்டிருந்தவள் திடீரென என் பக்கம் திரும்பினாள்.

"மாமா, அம்மம்மாவின்ர பயத்தம் பணியாரம் எப்பிடிச் செய்யிறது? அம்மாவுக்குப் பாதிதான் ஞாபகம். இன்ரநெற்றில பாத்துச் செய்தன். சரிவரேல்ல. உங்களிட்ட எழுதினது ஏதும் இருக்கோ?"

என்னிடம் இல்லை. நாற்பது ஆண்டுக் குறிப்பேடுகள் கொழும்பில் ஓர் அறை நிறைய இருக்கின்றன. என்றோ பதவியிழந்த அமைச்சர்களின் உறுதிமொழிகள் அவற்றில் திகதியுடன் உள்ளன. 2008 இல் காலமான என் தாயார், அடுப்படியில் பயறு வறுத்தபடி என்னிடம் சொன்ன ஒரு சொல்கூட அவற்றில் இல்லை.

அன்றிரவு ஃபோர்லியில் தங்கிய அறையிலிருந்து தங்கைக்குத் தொலைபேசி எடுத்தோம். "ரெண்டு சுண்டு பயறு" என்றாள் அவள். எந்தச் சுண்டு என்று கேட்டேன். இருவரும் சற்று நேரம் பேசவில்லை. அம்மாவின் சுண்டு கடையில் வாங்கியதன்று. விளிம்பு தட்டி மழுக்கிய ஒரு பழைய பால்பேணி. 1995 ஒக்டோபர் இறுதியில் யாழ்ப்பாணத்தை விட்டு ஊரோடு ஊராகப் புறப்பட்டபோது அது குசினியில் அரிசிப் பானைக்குள்ளேயே கிடந்தது. திரும்பிப் போனபோது பானையும் இல்லை, பேணியும் இல்லை. அளவே போய்விட்டது.

ஆனாலும் தொடங்கினோம். பயறு எந்த நிறம் வரும்வரை வறுபட வேண்டும் என்பது தங்கைக்கு நினைவிருந்தது. தேங்காய்ப்பூவைத் தனியே வறுத்துச் சேர்ப்பார் என்பது எனக்கு நினைவிருந்தது. பாகின் பதத்தை இருவரும் மறந்திருந்தோம். லுகானோ திரும்பியபின் மூன்று முறை செய்து பார்த்தோம். முதல் முறை உருண்டைகள் கல்லாயின. இரண்டாம் முறை எண்ணெய்க்குள் உடைந்து கரைந்தன. மூன்றாம் முறை செய்ததில் ஒன்றை எடுத்து வாயிலிட்ட தங்கை, "ஏலம் கூடிப்போச்சு" என்றாள். அம்மாவும் தாம் செய்ததைத் தாமே உண்ணும்போது முதலில் சொல்வது அதுதான்.

மருமகளின் குறிப்பேட்டில் நான் என் கையால் எழுதினேன். வறுத்து அரைத்த பயத்தம்மா இத்தனை கிராம், சீனி இத்தனை கிராம், பாகு இத்தனை நிமிடம். 'போதுமான அளவு' என்று ஓரிடத்திலும் எழுதவில்லை. எழுதி முடித்தபின், பார்மா நகரத்துப் பெண்மணியை நினைத்து, பக்கத்தின் தலைப்பில் என் தாயாரின் முழுப் பெயரையும் பிறந்த ஊரையும் எழுதினேன்.